ஆற்காட்டுக்குப் போகாத ஆற்காட்டு ரயில்

டிஎன்பிஎஸ்சிக்குப் படிக்கும் எந்தப் பிள்ளையைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் பதில் வரும்: தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து கிளம்பியது. சரி கண்ணு, எங்கே போச்சு? இந்த இடத்தில் ஓர் இருமல், ஒரு மேல்நோக்கிய பார்வை. கைடு புத்தகத்தில் அந்தக் கேள்வி இல்லை.

போனது வாலாஜா ரோட்டுக்கு. அன்றைய பெயர் ஆற்காடு. ராயபுரத்துக்குத் தூண் வைத்த மண்டபம், பழைய ஓவியம், பாரம்பரியக் கட்டடம் என்ற அந்தஸ்து, இந்தத் துணைக்கண்டத்தில் இன்னும் நிற்கிற ஸ்டேஷன்களில் மூத்தது என்ற பெருமை எல்லாம் கிடைத்தன. ரயில் மூச்சு வாங்க வந்து நின்ற ஊருக்கு ஒன்றும் இல்லை. ஊர்வலம் புறப்பட்ட வீட்டை வளைத்து வளைத்துப் படம் எடுத்துவிட்டு, தாலி கட்டிய மண்டபத்தை விட்டுவிட்ட கதைதான். அதனால் இந்தக் கட்டுரையை மண்டபத்திலிருந்து ஆரம்பிக்கலாம் என்று பார்க்கிறேன். ஆனால் அதற்கும் முன்னால் ஒரு பத்திருபது வருஷக் கூத்து இருக்கிறது.

இந்தியாவில் ரயில் விடலாமா என்ற பேச்சு முதலில் எழுந்தது சென்னையில், 1832இல். பேச்சு நமக்குப் புதிதா என்ன? பேசினோம். 1837 வாக்கில் ஆர்தர் காட்டன் என்ற இன்ஜினியர் செங்குன்றம் பக்கத்திலிருந்து சிந்தாதிரிப்பேட்டை வரை நிஜமாகவே தண்டவாளம் போட்டார். பயணிகள் யாரும் கிடையாது. ஏற்றிவந்தது கல். எதற்குக் கல்? சென்னையில் சாலை போட. அதாவது, இந்தியாவின் முதல் ரயில்பாதை ரோடு போடுவதற்காகப் போடப்பட்டது. வேலை முடிந்ததும் மூடிவிட்டார்கள். அந்த காட்டன் துரையே பிற்காலத்தில், ரயிலெல்லாம் வீண் செலவு, கால்வாய் வெட்டிப் படகு விடுங்கள் என்று இங்கிலாந்து நாடாளுமன்றக் குழு முன்னால் போய் வாதாடினார். முதல் தண்டவாளம் போட்ட கையே தண்டவாளம் வேண்டாம் என்று மனு கொடுத்தது.

1845இல் லண்டனில் இரண்டு காரியங்கள் நடந்தன. மெட்ராஸ் ரயில்வே கம்பெனி என்று ஒன்றை ஆரம்பித்தார்கள். அதே ஆண்டு கிழக்கிந்தியக் கம்பெனியின் இயக்குநர்கள், இந்தியாவில் ரயில் ஓடுவதற்கு என்னென்ன இடைஞ்சல் என்று ஒரு பட்டியல் போட்டு அனுப்பினார்கள். பட்டியலைப் படித்தால் ஜாதகத்தில் தோஷம் எழுதின மாதிரி இருக்கும். மழை. வெள்ளம். பேய்க்காற்று. வெயில். கட்டையை அரிக்கும் பூச்சி. தண்டவாளத்துக்கு அடியில் தானாக முளைக்கும் செடிகொடி. வேலி இல்லாத வெட்டவெளி. நல்ல இன்ஜினியர் கிடைக்காமை. போதாததற்கு, இங்கத்து ஜனங்கள் ஏழைகள், ஆசாரம் பார்ப்பவர்கள், கண்டவனோடு ஒரே பெட்டியில் உட்கார வருவார்களா என்று வேறு கவலை. அந்தப் பெரியவர்களை இன்றைக்கு ஒரு திங்கட்கிழமை காலையில் அரக்கோணம் பிளாட்பாரத்தில் இரண்டு நிமிஷம் நிறுத்திவைத்தால் போதும்.

இத்தனை தோஷம் இருந்தும் கல்யாணம் நடந்ததென்றால் வரதட்சணை அப்படி. ரயில் கம்பெனி பங்குதாரர்களுக்கு ஆண்டுக்கு 5 சதவிகிதம் வரை உத்தரவாதம். வண்டி ஓடினாலும் சரி, ஓடாமல் நின்றாலும் சரி, குறைகிற பணத்தை இந்திய வருவாயிலிருந்து எடுத்துக் கட்டிவிடுவார்கள். நிலமும் இலவசம். லாபம் வந்தால் லண்டனுக்கு, நஷ்டம் வந்தால் நம்மூர் நஞ்சை வரிக்கு. லண்டனில் விதவைகளும் பாதிரிமார்களும்கூடக் கவலை இல்லாமல் பங்கு வாங்கினார்கள். தஞ்சாவூர்க்காரன் களை பறித்த காசில் கென்ட்காரன் டீ குடித்தான். என் கருத்தில் இந்திய ரயில்வேயின் ஆகப் பெரிய கண்டுபிடிப்பு நீராவி இன்ஜின் அல்ல, இந்த ஏற்பாடுதான்.

1853இல் சென்னையில் வேலை தொடங்கியது. அதற்குள் பம்பாய்க்காரன் அந்த வருஷம் ஏப்ரலிலேயே தாணே வரை ஓட்டிக் காட்டிவிட்டான். அடுத்த வருஷம் ஹவுராக்காரன் ஹூக்ளி வரை ஓட்டினான். முதலில் யோசித்த நாம் மூன்றாவதாக வந்தோம். நிதானம் நம் பரம்பரைச் சொத்து.

இனி ஒரு நியாயமான கேள்வி. சென்னையிலிருந்து முதல் ரயில் விடுவதென்றால் எங்கே விடுவது? காஞ்சிபுரம் இருக்கிறது, திருப்பதி இருக்கிறது, கூட்டம் அள்ளும். வெள்ளைக்காரன் ஆற்காடு என்றான். மேற்கே மைசூருக்கும் மேல்கரைக்கும் போகும் பாதை என்று வியாபாரக் காரணம் சொல்வார்கள், அது உண்மையும்கூட. ஆனால் ஆற்காடு என்ற பெயரைக் கேட்டாலே அந்தக் காலத்து வெள்ளைக்காரனுக்கு மயிர்க்கூச்செறியும் என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். காரணம் கிளைவ்.

1751 ஆகஸ்ட் கடைசியில் ராபர்ட் கிளைவ் என்ற 25 வயதுப் பையன், அதுவரை கணக்கெழுதி அலுத்துப்போனவன், 200 வெள்ளைக்காரர்களையும் 300 சிப்பாய்களையும் கூட்டிக்கொண்டு சென்னையிலிருந்து ஆற்காட்டுக்கு நடந்தான். ஐந்தாறு நாள் நடை, நடுவில் இடி மழை. இந்த மழையிலும் வருகிறானே, இவன் மனுஷனே இல்லை என்று கோட்டைக்காவல் ஓடிவிட்டது. சண்டை இல்லாமல் கோட்டை கிடைத்தது. பிறகு நவாப் பட்டத்துக்குப் போட்டியிட்ட சந்தா சாகிபின் மகன் வந்து ஐம்பது நாளுக்கு மேல் முற்றுகை போட்டார். நெற்றியில் இரும்புத்தகடு கட்டிய யானைகளைக் கதவை இடிக்க விட்டார்கள். சுட்டதும் யானைகள் திரும்பி விட்டவர்களையே மிதித்தன. சாப்பாடு குறைந்தபோது, சோறு துரைகளுக்கு, வடித்த கஞ்சி எங்களுக்குப் போதும் என்று நம் சிப்பாய்கள் சொன்னதாக மெக்காலே உருகி உருகி எழுதியிருக்கிறார். கஞ்சி குடித்தவன் பெயர் ஒன்றையும் அவர் எழுதவில்லை. சோறு தின்றவன் லார்டு ஆனான்.

அந்த முற்றுகையால் ஆற்காட்டு நவாப் நாற்காலியில் நன்றாக ஒட்டிக்கொண்டவர் முகமது அலி வாலாஜா. இந்தக் கதையின் உண்மையான நாயகர் இவர்தான். ஆற்காட்டுக்கு நவாப், ஆனால் ஆற்காட்டில் இருக்க அவருக்குப் பிடிக்கவில்லை. 1768இல் சேப்பாக்கத்தில் கடற்காற்று வாங்கும்படி ஓர் அரண்மனை கட்டிக்கொண்டு வந்துவிட்டார். செலவுக்குக் கம்பெனி ஊழியர்களிடமே கைமாற்று வாங்கினார். மாதச் சம்பளம் சொற்பமான குமாஸ்தாக்கள்கூட நவாபுக்கு வட்டிக்குக் கொடுத்துக் கோடீஸ்வரர் ஆனார்கள். கடன் எந்த அளவுக்குப் போனது என்றால், ‘ஆற்காட்டு நவாபின் கடன்’ என்பதையே தலைப்பாக வைத்து 1785இல் எட்மண்ட் பர்க் லண்டன் நாடாளுமன்றத்தில் மணிக்கணக்கில் முழங்கினார். ஆற்காடு சம்பந்தமான எதுவும் ஆற்காட்டில் நடக்காது என்ற மரபு இப்படித்தான் தொடங்கியது.

மரபு சாதாரணமானதல்ல. வட ஆற்காடு மாவட்டம் என்று ஒன்றை உண்டாக்கினார்கள், தலைநகரம் சித்தூர், பிறகு வேலூர். தென் ஆற்காடு மாவட்டம், தலைநகரம் கடலூர். சென்னையில் ஆற்காடு ரோடு இருக்கிறது, அதில் போனால் வடபழனி வரும். கடைசியில் 2019இல் அந்த வட்டாரத்துக்கென்று தனி மாவட்டம் வந்தபோது, பாலாற்றின் மறுகரையில் உள்ள ராணிப்பேட்டையின் பெயரை வைத்துவிட்டார்கள்.

நவாபு வம்சத்துக்கு வருவோம். 1855 அக்டோபரில் கடைசி நவாப் குலாம் கவுஸ் கான் மகன் இல்லாமல் இறந்தார். சித்தப்பா இருந்தார், கேட்டார். கம்பெனி கைவிரித்து, பட்டமே இனி கிடையாது என்று எழுதி முடித்தது. அப்படி முடித்துவிடலாம் என்று குறிப்பு எழுதிய சென்னை கவர்னர்தான் லார்டு ஹாரிஸ். ஒன்பது மாதம்கூட ஆகவில்லை, அதே ஹாரிஸ் ராயபுரத்தில் ஆற்காட்டு ரயிலில் ஏறினார். ஆள் இல்லாத வீட்டுக்கு விருந்தாளி.

இந்த ஹாரிஸைப் பற்றி ஒரு வார்த்தை. இவருடைய தாத்தா ஜெனரல் ஹாரிஸ் 1799இல் வேலூரில் படை திரட்டி, பல்லாயிரம் பொதிமாடுகளோடு ஊர்ந்து போய்த் திப்புவின் ஸ்ரீரங்கப்பட்டணத்தைப் பிடித்தவர். பரிசாக அந்தக் குடும்பத்துக்குக் கிடைத்த பட்டமே ‘ஸ்ரீரங்கப்பட்டணம் மற்றும் மைசூரின் பாரன்’. குடும்பம் வசித்தது இங்கிலாந்தில், கென்ட்டில். ஆக, ஸ்ரீரங்கப்பட்டணத்தில் இல்லாத ஸ்ரீரங்கப்பட்டணத்துப் பிரபு, சேப்பாக்கத்தில் குடியிருந்த ஆற்காட்டு நவாபின் பட்டத்தை ஒழித்துவிட்டு, ஆற்காட்டில் இல்லாத ஆற்காடு ஸ்டேஷனுக்கு ரயில் ஏறினார். இதைவிடப் பொருத்தமான ஆளை அந்த வண்டிக்குத் தேடிப்பிடிக்க முடியாது. தாத்தாவின் மாடுகள் மாதக்கணக்கில் அசைபோட்டு நகர்ந்த திசையில், பேரன் சில மணி நேரத்தில் ஏறத்தாழ 100 கிலோமீட்டர் போய் இறங்கினார்.

திறப்புவிழா ஜூன் 28. பொதுஜனத்துக்கு டிக்கெட் ஜூலை 1 முதல்தான். விழா நாளில் இரண்டு ரயில்கள் ஓடின. ஒன்றில் கவர்னரும் சுமார் 300 வெள்ளைக்காரர்களும். இன்னொன்றில் இந்திய விருந்தினர்களும் ரயில்வே ஊழியர்களும். முதல் வண்டி வழி முழுக்கப் போனது. நம்மவர்கள் வண்டி திருவள்ளூர் வரைதான். பாதி வழியில் இறக்கிவிட்டார்கள் என்று கோபப்படலாம். எனக்கென்னவோ நம்மவர்களுக்குத்தான் லாபம் என்று தோன்றுகிறது. துரைகள் பாலாற்றங்கரைப் புழுதியில் கோட்டு நனைய நின்றுகொண்டிருந்த நேரத்தில், இவர்கள் நினைத்திருந்தால் வீரராகவப் பெருமாளைச் சேவித்துவிட்டு, குளத்தில் வெல்லம் கரைத்துவிட்டு வந்திருக்கலாம். தவிர, இன்று சென்னையின் மின்சார ரயில்களுக்குப் பெருங்கூட்டத்தைத் தருகிற திருவள்ளூருக்கு முதல் நாளே போய் ஒத்திகை பார்த்தவர்கள் நம் ஆட்கள். தீர்க்கதரிசிகள்.

சில நூல்கள் கவர்னரின் ரயிலை அன்றைக்கு ஆம்பூர் வரை ஓட்டிவிடுகின்றன. 1856 ஜூனில் ஆம்பூருக்குத் தண்டவாளமே போகவில்லை. எழுதியவர்களுக்கு மத்தியான நேரம், பசி, பிரியாணி ஞாபகம் என்று மன்னித்துவிடலாம்.

சரி, ஆற்காடு ஸ்டேஷன் ஏன் ஆற்காட்டில் இல்லை? நடுவில் பாலாறு இருக்கிறது. ஆற்காடு தென்கரையில், தண்டவாளம் வடகரையில். ஆற்காட்டுப் பக்கத்தில் பாலாறு அகலமென்றால் அப்படி ஓர் அகலம். தண்ணீர் என்னவோ வருஷத்தில் சில நாள்தான் எட்டிப் பார்க்கும். மற்ற நாளெல்லாம் மணலுக்குத்தான் பாலம் கட்டியாக வேண்டும். 5 சதவிகிதம் உத்தரவாதமாக வருகிற கம்பெனிக்கு மணலைத் தாண்டி என்ன வேலை? வடகரையிலேயே போட்டுக்கொண்டு போய்விட்டார்கள். அதே காரணத்தால் வேலூர்க்காரர்களும் பெரிய வண்டி பிடிக்க ஆற்றைத் தாண்டிக் காட்பாடிக்கு வருகிறார்கள். சோளிங்கர் ஸ்டேஷனில் இறங்கி மலை எங்கே என்று கேட்டால், இது பாணாவரம், பஸ் பிடியுங்கள் என்பார்கள். அந்தத் தடம் முழுக்க ஊரும் ஸ்டேஷனும் பேச்சுவார்த்தை இல்லாத பங்காளிகள்.

ஆற்காடு என்று எழுதிவைத்தால் இறங்கியவன் சண்டைக்கு வருவான் என்று பயந்தார்களோ என்னவோ, பெயரை வாலாஜா ரோடு என்று மாற்றினார்கள். வாலாஜாப்பேட்டையும் அங்கே இல்லை. சில கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. ரயில்வேக்காரர் ஒரு பெயரோடு ‘ரோடு’ சேர்த்தால், ஊர் இங்கில்லை, ரோடுதான் இருக்கிறது, நடையைக் கட்டு என்று அர்த்தம். கொடைக்கானல் ரோட்டில் சால்வையைப் போர்த்திக்கொண்டு இறங்கிய தேனிலவுத் தம்பதிகளுக்கு இது தெரியும். அங்கிருந்து மலை ஏற இன்னும் 80 கிலோமீட்டர்.

ஆனால் பாருங்கள், சேப்பாக்கத்துக்குக் குடிபோன நவாபின் பெயர், அவர் ஊரை விட்டு வந்த திசையில் போகும் ரயிலுக்கு நிறுத்தமாக அமைந்துவிட்டது. வாலாஜாப்பேட்டைக்குத்தான் வயிற்றெரிச்சல். கடற்கரைக்கும் மேட்டுநிலத்துக்கும் நடுவே சரக்கு கைமாறும் பேட்டையாக இருந்த ஊர் அது. பொதிமாடு, வண்டி, தறி, சாயம், தரகு என்று ஓகோவென்று இருந்தது. 1866இலேயே நகராட்சி ஆன பெருமையும் உண்டு. ரயில் வந்தது. சரக்கு மேற்கே ஏறினால் கிழக்கே இறங்கியது, நடுவில் நின்று மூச்சுவாங்க வேண்டிய அவசியம் போய்விட்டது. தரகர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். தன் பெயரில் ஸ்டேஷன் வந்ததால் வியாபாரம் படுத்த ஊர் இது.

ஸ்டேஷனுக்கும் கடைசி நிறுத்தம் என்ற கௌரவம் வெகுநாள் நிலைக்கவில்லை. தண்டவாளம் மேற்கே நகர்ந்துகொண்டே போய், 1862இல் மேல்கரையில் பேப்பூரைத் தொட்டுவிட்டது. பம்பாய்ப் பாதை அரக்கோணத்தில் பிரிந்ததால் ஜங்ஷன் மவுசு அரக்கோணத்துக்குப் போனது. 1873இல் சென்ட்ரல் வந்தது, பிற்பாடு அது ராயபுரத்தையும் ஓரங்கட்டியது. முதல் ரயிலின் இரண்டு முனைகளுக்கும் கடைசியில் ரிட்டயர்மென்ட். ராயபுரத்தையாவது பழைய கட்டடம் என்று அவ்வப்போது போய்ப் பார்த்தார்கள்.

இத்தனையிலும் சென்னைக்கு ஒரு ஆறுதல் பரிசு கிடைத்தது. ரயில் நாடு முழுக்க ஓட ஆரம்பித்ததும், எந்த ஊர் மணியைப் பார்த்து ஓட்டுவது என்ற தகராறு. பம்பாய்க்கு ஒரு மணி, கல்கத்தாவுக்கு ஒரு மணி. இரண்டில் எதை எடுத்தாலும் மற்றது முகத்தைத் திருப்பிக்கொள்ளும். நடுவே இருக்கிற நுங்கம்பாக்கம் வானாய்வுக்கூடத்து மணியை எடுத்துக்கொண்டார்கள். 1870 வாக்கிலிருந்து 1906 வரை இந்திய ரயில்கள் சென்னை மணிப்படி ஓடின. ரயில் விடுவதில் மூன்றாவதாக வந்தவனிடம் கடிகாரத்தைக் கொடுத்திருக்கிறார்கள். இந்திய ரயில்கள் தாமதமாக வருவதன் வேர் எங்கே என்று ஆராய்கிறவர்கள் இங்கிருந்து தொடங்கலாம்.

இப்போது விடியற்காலையில் வாலாஜா ரோட்டுக்குப் போய்ப் பாருங்கள். ஜோலார்பேட்டையிலிருந்து வரும் ஏலகிரி எக்ஸ்பிரஸுக்குக் கூட்டம் நிற்கும். கையில் டிபன் பை, சட்டைப்பையில் சீசன் டிக்கெட், கண்ணில் பாதித் தூக்கம். சென்னைக்கு வேலைக்குப் போகிறவர்கள். இவர்களுக்கு 1856 பற்றி எதுவும் சொல்ல வேண்டாம், நேரமில்லை. எந்தப் பெட்டி எந்தக் கம்பத்துக்கு நேராக நிற்கும் என்ற சரித்திரம் அவர்களுக்கு அத்துப்படி, அது போதும்.

அன்றைக்கு வெள்ளைக்காரனுக்கு ஒரு வண்டி, நம்மவனுக்கு ஒரு வண்டி என்றிருந்தது இல்லையா, இப்போது ஒரே பெட்டிக்குள்ளேயே முழு வருணாசிரமமும் உண்டு. ஜோலார்பேட்டையில் ஏறியவர் ஜன்னலோரம். அவர் கவர்னர். வாணியம்பாடி, ஆம்பூர் ஆட்கள் அடுத்தடுத்த இடம், மடியில் துண்டு விரித்துச் சீட்டாட்டம். குடியாத்தமும் காட்பாடியும் ஏறும்போது மூன்று பேர் சீட்டில் நான்காவது ஆளாக, “சார், கொஞ்சம் தள்ளிக்கங்க.” வாலாஜா ரோட்டில் ஏறுகிறவர் அரை உட்காரல், ஒரு தொடைக்குத்தான் பலகை கிடைக்கும். சோளிங்கர் ஆசாமி கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பார். அரக்கோணத்தில் ஏறுகிறவர் முந்தைய பிறவியில் பாவம் செய்தவர். சாயங்காலம் திரும்பும்போது மட்டும் சென்ட்ரலில் எல்லாரும் சமம், முழங்கை பலமுள்ளவன் உட்காருவான். இயக்குநர்கள் 1845இல் கவலைப்பட்ட ஆசாரமெல்லாம் அந்த வாசற்படியிலேயே நசுங்கிப்போகிறது.

போகிற வழியில் மகேந்திரவாடி என்று ஒரு சின்ன ஸ்டேஷன். ஒரே பாறையைக் குடைந்து மகேந்திரவர்ம பல்லவன் திருமாலுக்குக் கோயில் எடுத்த ஊர், பக்கத்தில் பெரிய ஏரியும் வெட்டினான். ஆயிரத்து நானூறு வருஷ சங்கதி. எக்ஸ்பிரஸ் நிற்காது. சீட்டாடுகிறவர்களும் தலை தூக்க மாட்டார்கள், இறக்க வேண்டிய சீட்டு கையில் இருக்கும்.

நவாபு வாரிசுகளை அம்போவென்று விட்டதாக நினைக்க வேண்டாம். பத்துப் பன்னிரண்டு வருஷம் கழித்து அரசாங்கம் மனமிரங்கி, அந்தச் சித்தப்பாவுக்கு ‘ஆற்காட்டு இளவரசர்’ என்று புதுப்பட்டம் கொடுத்தது. பட்டம் இன்றும் இருக்கிறது. சேப்பாக்கம் அரண்மனையைக் கம்பெனி ஆட்சிக்குப் பின் வந்த அரசாங்கமே அமுக்கிக்கொண்டதால், 1876 முதல் ஆற்காட்டு இளவரசர் வசிக்கும் இடம் சென்னை ராயப்பேட்டை, அமீர் மகால். அங்கிருந்து ரயிலில் ஆற்காடு போக யாராவது ஆசைப்பட்டால் வாலாஜா ரோட்டில்தான் இறங்க வேண்டும். இறங்கி, ஸ்டேஷனுக்கு வெளியே நிற்கும் ஆட்டோக்காரரிடம் ஆற்காடு என்று சொல்ல வேண்டும். அவர் ஆளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, பாலாற்றைத் தாண்டணும் சார், திரும்பி வர்றப்ப சவாரி கிடைக்காது என்று ஆரம்பிப்பார்.